காட்சியைக் காட்டிப் பேசுங்கள்: டாக்டர் ஹூ ரசிகர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள டாக்டர் ஹூ ரசிகர்களுக்கு,

வணக்கம்.

நம்மில் இரண்டு பேர் சேர்ந்தால் போதும், கொஞ்ச நேரத்தில் பேச்சு "இப்போதெல்லாம் எழுத்து சரியில்லை" என்ற இடத்துக்கு வந்துவிடுகிறது. தொடரின் தலைமை எழுத்தாளர்களில் ஒருவரான ரஸ்ஸல் டி. டேவிஸிடம் சரக்கு தீர்ந்துவிட்டது என்கிறார் ஒருவர். இல்லை, அதே பொறுப்புக்குக் கிறிஸ் சிப்னல் வந்த 2018-லேயே தொடர் படுத்துவிட்டது என்கிறார் இன்னொருவர். ஸ்டீவன் மொஃபாட் காலத்திலேயே கதை சிக்கலாகிவிட்டது என்று ஒரு தரப்பு, அவர் போனதோடு எல்லாம் போச்சு என்று மறுதரப்பு. இதற்கு நடுவில் யாராவது வந்து, 1989-இல் நின்றதே அசல் தொடர், மற்றதெல்லாம் வேறு ஏதோ என்று சொல்லிவிட்டுப் போவார்.

சண்டையை நிறுத்தச் சொல்லி நான் இதை எழுதவில்லை. காலத்தில் பயணிக்கும் டாக்டர் என்ற வேற்றுக்கிரகவாசியின் கதையாக 1963 நவம்பர் 23 அன்று பிபிசியில் தொடங்கிய ஒரு தொடரைப் பற்றி அதன் ரசிகர்கள் வாதாடாமல் வேறு யார் வாதாடுவார்கள்? "குழந்தைகள் பார்க்கிற தொடர், இதற்குப் போய் இவ்வளவா" என்று ஒதுங்குபவர்களோடு எனக்கு உடன்பாடே கிடையாது. குழந்தைகளும் பார்க்கிறார்கள் என்பதாலேயே எழுத்தில் கவனம் கூடுதலாக இருக்க வேண்டும். "பிடிக்கவில்லை என்றால் பார்க்காதே" என்பதும் பதில் ஆகாது. பிடித்ததால்தானே மனம் வலிக்கிறது.

நான் கேட்பது ஒன்றுதான். எழுத்தைக் குறை சொன்னால் எழுத்தைப் பற்றிப் பேசுங்கள். எந்தக் காட்சி, எந்த முடிவு, எந்த வசனம், அது ஏன் ஒட்டவில்லை என்று சொல்லுங்கள். யார் காலம், யார் பெயர் என்பதை வைத்துத் தீர்ப்பு எழுதாதீர்கள்.

காலத்தை வைத்துத் தீர்ப்பு எழுதுவது எவ்வளவு பொருந்தாது என்பதற்கு 1984 மார்ச் மாதம் ஒன்றே போதும். 8-ஆம் தேதி தொடங்கி 16-ஆம் தேதி முடிந்தது 'தி கேவ்ஸ் ஆஃப் ஆண்ட்ரோசானி'. 22-ஆம் தேதி அடுத்த கதை, 'தி ட்வின் டைலெமா'. 2009-இல் டாக்டர் ஹூ மேகசின் அதுவரை வந்த 200 கதைகளுக்கும் வாசகர் வாக்கெடுப்பு நடத்தியபோது, ஆண்ட்ரோசானி முதலிடத்தில் வந்தது. ட்வின் டைலெமாவுக்கு 200-ஆவது இடம். இரண்டுக்கும் தயாரிப்பாளர் ஜான் நேதன்-டர்னர்தான், ஸ்கிரிப்ட் எடிட்டர் எரிக் சாவர்ட்தான், சீசனும் ஒன்றுதான். நம் ரசிகர்களே மிகச் சிறந்தது என்றதற்கும் மிக மோசம் என்றதற்கும் நடுவில் ஆறு நாள் இடைவெளி!

அப்படியானால் வித்தியாசம் எங்கே? ஆண்ட்ரோசானியின் முதல் பாகத்திலேயே டாக்டரும் அவரோடு பயணிக்கும் பெரி என்ற பெண்ணும் விஷத்தைத் தொட்டுவிடுகிறார்கள். அதற்குப் பிறகு டாக்டருக்கு ஒரே வேலை, அந்தப் பெண்ணைக் காப்பாற்றுவது. அவளை அவருக்குச் சரியாகத் தெரியக்கூடத் தெரியாது. சமீபத்தில்தான் டேர்டிஸில், அதாவது அவருடைய காலப்பயண வாகனத்தில், ஏறியவள். ஆயுதக் கடத்தல், கார்ப்பரேட் பேராசை, முகமூடிக்குள் எரிந்துகொண்டிருக்கும் ஷராஸ் ஜெக் என்று சுற்றி நடக்கும் எல்லாம் அவருக்குச் சம்பந்தமில்லாத போர். அவர் அதைத் தீர்ப்பதும் இல்லை. அவர்கள் தங்களுக்குள்ளேயே அடித்துக்கொண்டு சாகிறார்கள். கடைசியில் மாற்றுமருந்து ஒருவருக்குத்தான் போதும் என்ற நிலை வருகிறது. அவர் அதை அவளுக்குக் கொடுத்துவிட்டுத் தரையில் சரிகிறார். ராபர்ட் ஹோம்ஸ் எழுதிய அந்த நான்கு பாகங்களில், ஒரு காட்சி அடுத்த காட்சியைத் தள்ளிக்கொண்டே போகிறது.

ட்வின் டைலெமாவிலும் நல்ல எண்ணம் ஒன்று இருக்கத்தான் செய்கிறது. சாகும்போது வேறு உடலெடுத்துப் புதிதாக உருமாறிய டாக்டரை நம்ப முடியாவிட்டால் என்ன ஆகும்? துணிச்சலான கேள்வி. முதல் பாகத்திலேயே அவர் பெரியின் கழுத்தை நெரிக்கிறார். ஆனால் அதற்கு அப்புறம் கதை அதை என்ன செய்வது என்று தெரியாமல் இரட்டைக் கணித மேதைகள், ராட்சத நத்தை என்று வேறு பக்கம் நழுவிவிடுகிறது. கழுத்தை நெரித்தவரோடு அவள் ஏன் தொடர்ந்து பயணிக்கிறாள் என்பதற்குக் கதையில் பதில் இல்லை. இதுதான் எழுத்துக் குறை. டாக்டராக வந்த காலின் பேக்கரின் நடிப்பும், கண்ணைக் குத்தும் அந்தக் கோட்டும் வேறு விஷயங்கள். அவற்றைத் தனியாகப் பேசலாம்.

அடுத்தது கேனன், அதாவது தொடரில் முன்பே சொல்லி உண்மை என்று ஏற்கப்பட்ட கதை வரலாறு. "எழுத்து மோசம்" என்று நம்மவர்கள் சொல்வதில் பாதி உண்மையில் "முன்பு சொன்னதற்கு முரணாக இருக்கிறது" என்பதுதான். இந்தக் குழப்பத்தால்தான் நம் வாதங்கள் எங்கும் போய்ச் சேராமல் சுற்றிக்கொண்டிருக்கின்றன. 1976-ஐ எடுத்துக்கொள்ளுங்கள். அந்த ஆண்டு ஜனவரியில் 'தி பிரெய்ன் ஆஃப் மார்பியஸ்' வந்தது. மனப்போர்க் காட்சியில், முதல் டாக்டருக்கு முன்பே வேறு முகங்கள் இருந்ததுபோலத் திரையில் வரிசையாகக் காட்டினார்கள். அதே ஆண்டின் கடைசியில் 'தி டெட்லி அசாசின்' வந்தது. டாக்டரின் இனமான டைம் லார்டுகளில் ஒருவருக்கு 12 உருமாற்றங்கள்தான் என்ற விதி அதில்தான் பிறந்தது. இரண்டுக்கும் ஸ்கிரிப்ட் எடிட்டர் ராபர்ட் ஹோம்ஸ். இரண்டாவதை எழுதியதும் அவரே. இரண்டையும் ஒன்றாகப் பொருத்திப் பார்க்க அவர் துளியும் கவலைப்பட்டதாகத் தெரியவில்லை.

டெட்லி அசாசின் வந்தபோது ரசிகர் சங்கத்தின் தலைவரே அதைக் கிழித்துத் தொங்கவிட்டார். மாயம் நிறைந்த டைம் லார்டுகளைத் தள்ளாத அரசியல் கிழவர்களாக்கிவிட்டார்கள் என்பது அவருடைய கோபம். இன்று அந்தக் கதை சிறந்தவற்றின் பட்டியலில் இருக்கிறது. அதில் வந்த 12 என்ற எண்ணை வேதவாக்காக்கி, 2013-இல் 'தி டைம் ஆஃப் தி டாக்டர்' அதற்குப் பரிகாரம் தேட வேண்டியதாயிற்று. அன்று மரபை உடைத்ததாகத் திட்டு வாங்கிய கதையே இன்று மரபுக்குச் சாட்சியாக நிற்கிறது. அதனால்தான், முரணை மட்டும் வைத்து எழுத்தின் தரத்தை அளக்க முடியாது என்கிறேன்.

சரி, 'தி டைம்லெஸ் சில்ட்ரன்' விஷயத்துக்கு வருவோம். 2020 மார்ச் 1 முதல் நம்மிடையே அணையாமல் எரிவது அதுதான். டாக்டர் டைம் லார்டுகளின் கிரகமான கேலிஃப்ரேயில் பிறந்தவரே இல்லை, எங்கிருந்தோ வந்த குழந்தை, முதல் டாக்டராக நடித்த ஹார்ட்னெலுக்கு முன்பே பல பிறவிகள் எடுத்தவர் என்று சிப்னல் சொன்னதும் "கேனனை அழித்துவிட்டார்" என்று ஒரு கூட்டம் எழுந்தது. "மார்பியஸ் முகங்கள் இருக்கின்றனவே" என்று மறு கூட்டம் ஆதாரம் நீட்டியது. அந்தப் பாகமும் அதே முகங்களை மின்னலாகக் காட்டியது. இரு தரப்பும் ஆண்டுக்கணக்கில் ஆவணங்களைப் புரட்டுகின்றன. அந்தப் பாகம் நாடகமாக எப்படி நடக்கிறது என்பதை மட்டும் அதிகம் பேர் பேசவில்லை.

எனக்கு அந்தப் பாகத்தில் குறை உண்டு. கேனனுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. வாழ்க்கையையே புரட்டிப்போடும் உண்மையை டாக்டர் தானாகத் தேடிக் கண்டுபிடிப்பதில்லை. பழைய எதிரியான மாஸ்டர் அவரைச் சிறைப்படுத்தி, டைம் லார்டுகளின் நினைவுக் களஞ்சியமான மேட்ரிக்ஸுக்குள் நிறுத்தி, கதை சொல்கிறார். டாக்டர் நின்று கேட்கிறார். நாயகியே பார்வையாளர் ஆகிவிடுகிறார். டாக்டராக நடித்த ஜோடி விட்டேக்கர் தன்னால் முடிந்ததை முகத்தில் காட்டுகிறார். ஆனால் கேட்பதைத் தவிர ஸ்கிரிப்ட் அவருக்கு வேலை எதுவும் தரவில்லை. முடிவில் எல்லா உயிரையும் அழிக்கும் ஆயுதம் கையில் இருக்கும்போது, அவரால் அதை இயக்க முடியவில்லை. வேறொருவர் வந்து வாங்கிக்கொண்டு அந்த வேலையை முடிக்கிறார்.

இதோடு 1975-இன் 'ஜெனிசிஸ் ஆஃப் தி டாலெக்ஸ்' காட்சியை வைத்துப் பாருங்கள். டாக்டராக வரும் டாம் பேக்கர் இரண்டு வயர் முனைகளைக் கையில் பிடித்திருக்கிறார். இரண்டையும் தொட்டுவிட்டால் தொடரின் கொடிய எதிரிகளான டாலெக் இனம் கருவிலேயே அழியும். அவர் தொடவில்லை. எனக்கு இந்த உரிமை இருக்கிறதா என்று கேட்கிறார். ஒரு குழந்தை பிற்காலத்தில் கொடியவனாகும் என்று தெரிந்தால் அந்தக் குழந்தையைக் கொல்ல முடியுமா என்று கேட்கிறார். டாலெக்குகள் மீதான பயத்தால் எதிரி உலகங்கள் நண்பர்களாகும் என்பதையும் நினைத்துப் பார்க்கிறார். தோழி சாரா எதிரில் நின்று, செய்துவிடுங்கள் என்று வற்புறுத்துகிறாள். அந்த நேரத்தில் ஒருவன் ஓடிவந்து, டாலெக்குகளைப் படைத்த டாவ்ரோஸ் பேச்சுவார்த்தைக்கு ஒப்புக்கொண்டுவிட்டதாகச் சொல்கிறான். அவர் பெருமூச்சோடு வயர்களைப் பிடுங்கி எறிகிறார். பிறகு அதே வேலையை முடிக்கத் திரும்பி வருகிறார். அப்போதும் கடைசியில் ஒரு டாலெக்தான் வயர் மேல் ஏறிச் சுற்றை முடித்துவைக்கிறது.

கவனித்தீர்களா? அங்கேயும் டாக்டரின் கை கறைபடாமல் தப்பிக்கிறது. பாரத்தை வேறு யாரோ, வேறு எதுவோ ஏற்கிறது. கணக்குப் பார்த்தால் இரண்டும் ஒரே தந்திரம்தான். ஆனால் டெர்ரி நேஷன் எழுதிய கதையில் கேள்வி முழுதாகக் கேட்கப்படுகிறது, எதிர்வாதம் எதிரிலேயே நிற்கிறது, விலகியவர் மனம் மாறித் திரும்பி வருகிறார். 2020-இல் தயக்கம் இருக்கிறது. அந்தத் தயக்கம் வளர்வதற்கு இடம் இல்லை. இப்படிப் பேசினால் சிப்னலைப் பிடித்தவரும் பதில் சொல்ல முடியும். "இல்லை, தன்னைப் பற்றி எல்லாம் தெரிந்தவர் என்று நினைத்திருந்த ஒருவரை வாயடைக்க வைப்பதுதான் அந்தப் பாகத்தின் நோக்கம்" என்று ஒருவர் வாதாடலாம். நான் ஏற்க மாட்டேன், ஆனால் உட்கார்ந்து கேட்பேன். "கேனனைக் கொன்றவன்" என்ற வசைக்கு யார் என்ன பதில் சொல்ல முடியும்?

அதே சிப்னல் காலத்தில்தான், 2018-இல், வினய் படேல் எழுதிய 'டீமன்ஸ் ஆஃப் தி பஞ்சாப்' வந்தது. 1947 பிரிவினை. கொலைகாரர்கள் என்று நாம் நினைத்த வேற்றுக்கிரகவாசிகள், துணையின்றிச் சாகிறவர்களின் கடைசி நொடிக்குச் சாட்சியாக நிற்க வந்தவர்கள். உண்மையான ஆபத்து மணமகனின் தம்பியிடமிருந்து வருகிறது. டாக்டரால் எதையும் தடுக்க முடியாது. திரும்பி நடக்கிறார், பின்னால் துப்பாக்கிச் சத்தம் கேட்கிறது. "சிப்னல் காலம் முழுக்கக் குப்பை" என்பவர்கள் இந்தக் கதையை எந்தக் கணக்கில் வைப்பார்கள் என்று எனக்குப் புரியவில்லை.

விட்டேக்கர் காலத்தைப் பற்றி இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். பெண் டாக்டர் பிடிக்காதவர்கள் சிலர் "எழுத்து" என்ற சொல்லுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டார்கள். அதற்குப் பதிலடியாக, எழுத்தைக் குறை சொன்ன எல்லோரையும் பெண் வெறுப்பாளர் என்று ஒரே குத்தாகக் குத்தினார்கள் சிலர். இரண்டுமே அநியாயம். உள்ளபடியே ஸ்கிரிப்டைப் பற்றிப் பேச வந்தவர்கள் நடுவில் மாட்டி நசுங்கிப்போனார்கள். காட்சியைக் காட்டிப் பேசும் பழக்கம் நமக்கு இருந்திருந்தால், ஒளிந்துகொண்டவர் யார், உண்மையாகக் கேட்டவர் யார் என்பது அப்போதே தெரிந்திருக்கும்.

சிப்னலைப் பற்றிப் பேசும்போது 1986-ஐ விட முடியாது. 14 பாகங்கள் கொண்ட 'தி ட்ரயல் ஆஃப் எ டைம் லார்ட்' முடிந்த கையோடு, பிபிசியின் 'ஓப்பன் ஏர்' நிகழ்ச்சியில் ரசிகர்கள் சிலர் பேசினார்கள். கடைசிப் பாகத்தை எழுதிய பிப் பேக்கர், ஜேன் பேக்கர் தம்பதி எதிரில் இருக்க, கதை அரைத்த மாவையே அரைக்கிறது, இன்னும் நன்றாக எழுதியிருக்கலாம் என்று முகத்துக்கு நேரே சொன்ன 16 வயதுப் பையன்தான் கிறிஸ் சிப்னல். முப்பது ஆண்டு கழித்துத் தொடர் அவர் கைக்கே வந்தது. அதே குற்றச்சாட்டும் அவர் மேலேயே வந்து விழுந்தது.

இந்தச் சம்பவத்தைக் கிண்டலுக்காக எடுத்துப் போடுகிறவர்கள் உண்டு. எனக்கு அந்தப் பையன் மேல் மரியாதைதான். அவன் யாரையும் தனிப்பட்ட முறையில் வசைபாடவில்லை, எழுத்தைப் பற்றித்தான் பேசினான். ஆனால் அந்தக் கடைசிப் பாகத்தின் பின்கதை பரிதாபமானது. முடிவை எழுத வேண்டிய ராபர்ட் ஹோம்ஸ் அந்த ஆண்டு மே மாதம் இறந்துபோனார். அவர் விட்ட இடத்திலிருந்து எரிக் சாவர்ட் முடிவை எழுதினார். தயாரிப்பாளரோடு தகராறு வந்து, எழுதியதைத் திரும்பப் பெற்றுக்கொண்டார். அந்த முடிவில் என்ன இருந்தது என்று கூடச் சொல்லாமல், சட்டச் சிக்கலுக்குப் பயந்து, பேக்கர் தம்பதியிடம் புதிதாக ஒன்று கேட்டார்கள். சில நாள்களில் அவர்கள் எழுதிக் கொடுத்தார்கள்.

காரணம் வேறு, சாக்கு வேறு. திரையில் வந்தது குழப்பம் என்றால் குழப்பம்தான். பார்ப்பவர் பின்கதையைத் தெரிந்துகொண்டு மன்னிக்க வேண்டிய கடமை இல்லை. அவசரமும் ஒரு சாக்கு ஆகாது. 1969-இல் இரண்டு கதைகள் கைவிட்டுப் போனதால் டெரன்ஸ் டிக்ஸும் மால்கம் ஹல்க்கும் அவசரமாக எழுதியதுதான் பத்துப் பாக 'தி வார் கேம்ஸ்'. டைம் லார்டுகள் முதன்முதலில் வந்ததே அதில்தான். ஆனால் குற்றம் சாட்டும்போது விரலை எங்கே நீட்டுகிறோம் என்பதற்குக் காரணம் தெரிந்திருக்க வேண்டும். பேக்கர்கள் திறமையற்றவர்கள் என்பதும், அவர்களுக்குக் கிடைத்தது முடிக்க முடியாத வேலை என்பதும் ஒன்றல்ல.

திரையில் வரும் பெயரும் நம்பத்தக்கது அல்ல என்பதை மறந்துவிடாதீர்கள். 'சிட்டி ஆஃப் டெத்' கதையின் எழுத்தாளராகத் திரையில் வரும் பெயர் டேவிட் ஆக்னியூ. அப்படி ஒருவர் கிடையாது. டேவிட் ஃபிஷரின் கருவை டக்ளஸ் ஆடம்ஸும் தயாரிப்பாளர் கிரஹாம் வில்லியம்ஸும் அவசர அவசரமாகத் திருத்தி எழுதியது அது. மார்பியஸ் கதையை எழுதியவர் டெரன்ஸ் டிக்ஸ். ஹோம்ஸ் அதைப் பெரிதாக மாற்றியதால் கோபப்பட்டுத் தன் பெயரை எடுக்கச் சொல்லிவிட்டார். ராபின் பிளாண்ட் என்ற புனைபெயரில் வந்தது. அப்படியிருக்க, ஒரு வசனத்தைப் பிடித்துக்கொண்டு "இது இன்னாருடைய பாணி, பார்த்தாலே தெரிகிறது" என்று அடித்துச் சொல்ல நமக்கு எங்கிருந்து தைரியம் வருகிறது?

புதிதாகப் பார்க்க வருபவர்களுக்குத் "தவிர்க்க வேண்டியவை" என்று நாம் கொடுக்கும் பட்டியல்களைப் பற்றியும் ஒரு வார்த்தை. பிபிசியே அழித்துவிட்டதால் 1960-களின் பாகங்கள் பல காணாமல் போனது உங்களுக்குத் தெரியும். 'தி எனிமி ஆஃப் தி வேர்ல்ட்' கதையின் ஆறு பாகங்களில் மூன்றாவது மட்டும்தான் நீண்ட காலம் கையில் இருந்தது. ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்று அதை வைத்தே முழுக் கதையையும் சுமார் ரகத்தில் சேர்த்திருந்தோம். மற்ற பாகங்கள் நைஜீரியாவில் கிடைத்து 2013-இல் வெளிவந்தபோது பார்த்தால், ஆறில் மந்தமானது அந்த மூன்றாவதுதான்! டாக்டராகவும் சர்வாதிகாரி சாலமாண்டராகவும் பேட்ரிக் ட்ரவுட்டன் இரட்டை வேடத்தில் விளையாடியிருக்கிறார், நான்காம் பாகத்தில் பூமிக்கு அடியில் கதை எடுக்கும் திருப்பத்தை யாரும் எதிர்பார்த்திருக்க முடியாது. பார்க்காத கதைக்கு மதிப்பெண் போட்ட நாம், இன்று பார்க்க முடிகிற கதைகளைக்கூடப் பார்க்க விடாமல் புதியவர்களைத் தடுக்கிறோம். அந்தப் பட்டியல்களைத் தயவுசெய்து விட்டுவிடுங்கள்.

நான் கேட்கும் முறையில் ஒரு வழக்கை நானே தொடங்கிவைக்கிறேன். 2025 சீசனின் முதல் பாகம் 'தி ரோபோ ரெவல்யூஷன்'. செவிலியர் பெலிண்டா சந்திரா, தன்னை உடைமையாக நினைத்த பழைய காதலனை எதிர்த்து நிற்கிறாள். டாக்டர் தன்னைக் கேட்காமலே தன் டிஎன்ஏவைச் சோதித்ததும் அவரையும் விடவில்லை; நான் உங்கள் சாகசங்களில் ஒன்று அல்ல என்கிறாள். வீட்டுக்குப் போக வேண்டும், வேலைக்குப் போக வேண்டும், அவ்வளவுதான் அவள் கோரிக்கை. டாக்டரின் கவர்ச்சியில் மயங்காத ஒரு தோழி கிடைத்தாள் என்று எனக்கு அவ்வளவு சந்தோஷம்.

சீசனின் கடைசிப் பாகமான 'தி ரியாலிட்டி வார்' அவள் கடந்தகாலத்தையே மாற்றுகிறது. பாப்பி என்ற குழந்தையை மீட்க டாக்டர் தன் உயிராற்றலைச் செலவழித்து நிஜத்தைத் திருத்துகிறார். பெலிண்டா வீடு திரும்பத் துடித்ததெல்லாம் மகளுக்காகத்தான் என்று, நாம் ஏற்கெனவே பார்த்த காட்சிகளிலேயே புது வசனம் சேர்கிறது. தன் வாழ்க்கையை இன்னொருவர் தீர்மானிக்கக் கூடாது என்று நின்ற பெண்ணின் வாழ்க்கை, இன்னொருவர் முடிவால் மாறுகிறது. அதைக் கதை சந்தோஷமான முடிவாகவே நடத்துகிறது. தாய்மை அவளுக்குப் பொருந்தாது என்று நான் சொல்லவில்லை. முதல் பாகம் எழுப்பிய கேள்வியைக் கடைசிப் பாகம் மறந்துவிட்டது என்கிறேன். இதை எழுதிய டேவிஸின் மற்ற எழுத்தை எனக்கு ரொம்பப் பிடிக்கும் என்பது இந்தக் குறையைக் குறைக்காது.

இல்லை, பெலிண்டாவின் தாய்மைக்கு நடுவில் வந்த பாகங்களிலேயே விதை போட்டிருக்கிறார்கள் என்று நினைப்பவர்கள் நம்மில் இருக்கிறார்கள். அவர்கள் எந்தப் பாகம், எந்தக் காட்சி என்று குறிப்பிட்டு எழுதட்டும். அந்தப் பாகத்தை மறுபடி முழுதாகப் பார்த்துவிட்டுப் பதில் எழுதுகிறேன்.

அன்புடன்,
உங்களில் ஒருவன்